கடிதத்துக்கு முந்திய தண்ணீர்

வலாத்தா
முஹர்ரம், ஹிஜ்ரி 754

உப்புச் சுவர்களுக்கு நடுவே குடியிருக்கும் என் கணவன் அகாலிக்குத் தெக்காமா எழுதுவது. உன் தோல்பையில் தண்ணீரும் உன் முதுகில் வலுவும் குறையாமல் ஆண்டவன் பார்த்துக்கொள்ளட்டும். நான் சுகம். உன் அக்காவும் அவளுடைய மகன்கள் இருவரும் சுகம். மாமன் எப்போது வருவார் என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். நம் ஊர் வழக்கப்படி உன் சொத்து நாளைக்கு உன் அக்கா மகன்களான அவர்களுக்குத்தானே, அந்தப் பாசம் இருக்காதா.

நீ இருக்கும் தகாஸாவிலிருந்து உப்பு ஏற்றிக் கிளம்பிய ஒட்டகக் கூட்டம் பத்திரமாக வந்து சேர்ந்தது. கூட்டத்துக்கு முன்னால் தனியாகக் கடிதம் கொண்டுவரும் முன்னோடியாக இந்த முறையும் யித்தர்தான் வந்தான். வழக்கத்தைவிடத் தாமதம். கடிதப் பையை ஆளுநர் வாசலில் இறக்கிவைத்துவிட்டு நேரே நம் வீட்டுக்கு வந்து, தேனும் கம்புமாவும் கரைத்த பாலை ஒரு சுரைக்குடுவை நிறையக் குடித்தான். அதற்குள் தெருவில் தண்ணீர்ப் பைகளை ஒட்டகத்தில் ஏற்றும் சத்தம் தொடங்கிவிட்டது. ஊரார் நாலு நாள் தூரம் எதிரே போய்த் தண்ணீர் கொடுத்துக் கூட்டத்தை அழைத்துவந்தார்கள்.

அந்தச் சத்தம் கேட்கும்போதெல்லாம் எனக்கு அப்பா ஞாபகம் வந்துவிடுகிறது. அவர் வந்த கூட்டத்தின் முன்னோடி பாதி வழியில் செத்துப்போனான். தனியாகப் போகிறவன் செத்தால் யாருக்குத் தெரியும்? கடிதம் வரவில்லை, ஆகவே ஊர் தண்ணீர் கொண்டுபோகவில்லை. அப்பாவோடு சேர்த்துப் பாதிக் கூட்டம் மணலோடு போயிற்று. அதனால்தான் யித்தர் வாசலில் வந்து நின்றால் எனக்கு அப்படி ஒரு நிம்மதி.

மாலையில் வந்து உட்கார்கிறான். நீ என் கணவனாவதற்கு முன்பே என் தோழனானவன், உன்னைவிட அவனுக்குத்தான் என் குணம் நன்றாகத் தெரியும். நீ இல்லாத மாலைகளை அவன்தான் தள்ளிவிடுகிறான். உன் தோழி தஸ்ஸின் உன்னை விசாரித்தாள். அவள் கணவனும் விசாரித்தான். போன வருடம் நீ போனதிலிருந்து அவள் பேச்சு முழுவதையும் அவன் ஒருவனே கேட்க வேண்டியிருக்கிறதாம், சீக்கிரம் வரச் சொன்னான்.

மாலி அரசரின் புதிய ஆளுநர் வந்திருக்கிறார். கைநீட்டினால் தொடுகிற தூரத்தில் இருப்பவரிடம்கூட மொழிபெயர்ப்பாளர் மூலம்தான் பேசுகிறார். சிரித்தேன். பிறகு, நாமும் ஒட்டகங்கள் மூலம்தானே பேசிக்கொள்கிறோம் என்று தோன்றியது, சிரிப்பு நின்றுவிட்டது.

அடுத்த கூட்டத்தில் பதில் வேண்டும். உனக்காகவே வாழும் என்று எழுத மாட்டேன், உன்னை அடிக்கடி நினைக்கும்,
தெக்காமா

*

தகாஸா
ரபீவுல் அவ்வல், 754

நிழலில் உட்கார்ந்து எழுதக் கொடுத்துவைத்த தெக்காமாவுக்கு அகாலியின் ஸலாம். நீயும் அக்காவும் மருமகன்களும் நலம் என்று அறிந்து சந்தோஷம். என் உடம்பு இருக்கிறது, முதுகும் இருக்கிறது. இரண்டும் ஒன்றோடொன்று பேசிக்கொள்வதில்லை.

நீ தெருச் சத்தத்தைப் பற்றி எழுதுகிறாய். இங்கே சத்தம் என்றால் ஈ. ஒரு மரம் கிடையாது. வீடு உப்புப் பாளம், கூரை ஒட்டகத் தோல், பள்ளிவாசலும் உப்பு, குடிக்கிற தண்ணீரும் உப்பு. வடக்கே ஸிஜில்மாஸாவிலிருந்து பேரீச்சை வரும், நம் பக்கத்திலிருந்து கம்பு வரும். இரண்டும் தாமதமானால் ஒட்டக இறைச்சியை மென்றுகொண்டு வானத்தைப் பார்க்க வேண்டும். பேனுக்குப் பயந்து கழுத்தில் பாதரசக் கயிறு கட்டியிருக்கிறேன். பேன்கள் அதில் ஊஞ்சலாடுகின்றன.

உன் கடிதத்தைப் பிரிக்கும்போது, உப்பு வெட்டுகிற அடிமைகளில் ஒருவன் கையை நிறுத்திவிட்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"என்னடா பாக்கிற?"

"ஒண்ணுமில்லீங்க. உங்கள ஒருத்தங்க நெனச்சிருக்காங்கன்னு பாத்தேன்."

தெற்கே எங்கேயோ பிடித்து வந்தவன். அவனை நினைப்பவர்களுக்கு அவன் இருக்குமிடம் தெரியாது. எனக்கு ஊர் திரும்பும் நாள் ஒன்று வரும், அவனுக்கு அதுவும் இல்லை. அவனைப் பார்த்த பிறகு புலம்ப வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் புலம்புகிறேன். என் மாமன் வீட்டு உப்பை நான் ஏற்றி அனுப்பாவிட்டால் வேறு யார் செய்வார்கள் என்று வந்தேன். வந்தது தப்பு என்று தினமும் ஒருதரம் தோன்றுகிறது.

பக்கத்து அறையில் ஹம்மு என்கிற ஸிஜில்மாஸா வியாபாரி தங்கியிருக்கிறான். பேச்சுக்கு இருக்கும் ஒரே ஆள் என்பதால் உன் கடிதத்தை அவனுக்குப் படித்துக்காட்டினேன்.

"என்னப்பா, பொண்டாட்டி கடுதாசியில பாதி இன்னொருத்தன் பேரா இருக்கு?"

"அவளோட தோழன்."

"தோழனா? எங்க ஊர்ல அதுக்கு வேற பேரு."

"உங்க ஊர்ல பொண்டாட்டிகிட்டயே பேசறதில்ல. உங்களுக்குத் தோழி எங்கேருந்து வருவா?"

இருவரும் சிரித்தோம். யித்தரிடம் என் ஸலாம் சொல். அவன் இருக்கிறான் என்பதால் எனக்கு வீட்டைப் பற்றிக் கவலை இல்லை. அடிக்கடி எழுது, நீளமாக எழுது.

உன் அகாலி

*

வலாத்தா
ஜமாதுல் ஆகிர், 754

கயிறு கட்டியும் பேன் போகாத அகாலிக்குத் தெக்காமாவின் ஸலாம். வெயில் உன்னை விட்டுவைத்திருக்கும் என்று நம்புகிறேன். நான் சுகம் என்று எழுத வேண்டும், எழுதிவிட்டேன்.

பேரீச்சை நிழலில் போட்ட தர்ப்பூசணி காய்த்திருக்கிறது. உன் மூத்த மருமகன் ஒரு பழத்தைத் தூக்கிக்கொண்டு ஓடினான், அக்கா துரத்தினாள், தெருவே வேடிக்கை பார்த்தது. இதைத் தவிரச் சிரிக்க ஒன்றும் இல்லை.

யித்தர் இந்த ஆண்டு முன்னோடியாகப் போகவில்லை. தன் ஒட்டகத்தையும் விற்றுவிட்டான். நான்தான் போகாதே என்றேன். ஏன் என்று என்னைக் கேட்காதே, அது அவன் சொல்ல வேண்டியது, நான் சொல்லக் கூடாது. இப்போது பிற்பகல் அஸர் தொழுகை முடிந்ததுமே வந்துவிடுகிறான். உன் கடிதத்தை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டிருந்துவிட்டு, நீயே படி என்று திருப்பிக் கொடுத்தான். பேன் ஊஞ்சலாடுவதைக் கேட்டுச் சிரித்தான். பல நாள் அதுவும் இல்லை. இருவரும் சும்மா உட்கார்ந்திருக்கிறோம். முன்பெல்லாம் அவன் என் தனிமைக்குத் துணையாக வருவான். இப்போது அவனுக்கு நான் துணை.

எனக்கு மனசு சரியில்லை, அகாலி. உன்னிடம் வாய்விட்டுச் சொல்ல முடிகிற தூரத்தில் நீ இல்லை. சீக்கிரம் வா.

தெக்காமா

*

தகாஸா
ஷஅபான், 754

தெக்காமாவுக்கு அகாலி எழுதுவது. நான் சுகம். நீ சுகம் என்பது உன் கடிதத்திலிருந்தே தெரிகிறது.

எட்டுத் தரம் படித்துவிட்டேன். நாற்பது வயதாகாத ஒருவன். உடம்பில் ஒரு குறை இல்லை. வேலையை விட்டுவிட்டான், ஒட்டகத்தை விற்றுவிட்டான், பொழுது சாய்வதற்கு முன்பே வந்து என் வீட்டில் உட்கார்ந்துவிடுகிறான். போகாதே என்று தடுத்தது நீ. காரணம் கேட்கக் கூடாது. இருவரும் பேசிக்கொள்வதுகூட இல்லையாம். பேச்சுத் துணைக்குத்தான் தோழன் என்று இதுவரை நினைத்திருந்தேன்.

ஹம்முவிடம் படித்துக்காட்டினேன். முன்பு போல் அவன் கேலி செய்யவில்லை. தலையைக் குனிந்துகொண்டு எழுந்துபோனான். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

அவன் வருவது நிற்க வேண்டும். ஆண்டு பிறந்ததும் தெற்கே ஒரு கூட்டம் கிளம்புகிறது. அதில் ஊருக்கு வருவதா, வடக்கே ஸிஜில்மாஸாவுக்குப் போய் அங்கேயே இருந்துவிடுவதா என்பது உன் பதிலில் இருக்கிறது. வேறு எழுத ஒன்றுமில்லை. அக்காவுக்கு ஸலாம்.

அகாலி

*

தகாஸா
ரமலான், 754

என் தெக்காமாவுக்கு, முட்டாள் அகாலி. நோன்பு உனக்கு லேசாக இருக்கட்டும்.

இதற்கு முன் வந்த கடிதத்தைக் கிழித்துப் போடு. வந்திருக்காவிட்டால், வரும்போது பிரிக்காமல் கிழி. ஹம்மு ஊருக்குப் போய்விட்டான். அவன் போன பிறகு அறை அமைதியாயிற்று, நான் எழுதியது அப்போதுதான் என் காதிலேயே விழுந்தது. தஸ்ஸின் வீட்டில் நான் உட்கார்ந்திராத மாலை உண்டா? அவள் கணவன் ஒரு நாளாவது முகம் சுளித்தானா? நான் வலாத்தாக்காரன். ஊரை விட்டு வந்து இத்தனை மாதத்தில் எனக்குப் புத்தி மட்டும் ஸிஜில்மாஸாவுக்குக் குடிபோய்விட்டது.

யித்தர் வரட்டும். காரணத்தை நீ சொல்ல வேண்டாம். எனக்கு வெறும் பொறாமை, அவ்வளவுதான். அவன் உன் பக்கத்தில் சும்மா உட்கார்ந்திருக்கிறான், எனக்கு அதுகூடக் கிடைக்கவில்லையே என்று.

நேர்வழியில் இப்போது கூட்டம் இல்லை. துவாத் பாலைச்சோலைக்குப் போகிறவர்களிடம் கொடுக்கிறேன், சுற்றிக்கொண்டு எப்போது வருமோ. முஹர்ரம் பிறந்ததும் கிளம்பி வருகிறேன். ஸபரில் தாஸரஹ்லா நீர்நிலை, அங்கிருந்து முன்னோடியை அனுப்புவோம். அடுத்த பிறைக்குள் வீட்டில் இருப்பேன். கோபிக்காமல் இரு.

உன் அகாலி

*

வலாத்தா
ஷவ்வால், 754

அகாலிக்குத் தெக்காமா எழுதுவது. பெருநாள் கழிந்தது. உன் அக்கா வீட்டில் எல்லோரும் சுகம்.

உன் ஷஅபான் மாதக் கடிதம் கிடைத்தது. ஒரு தரம் படித்தேன். கணவன் வேண்டுமா தோழன் வேண்டுமா என்று இந்த ஊரில் இதுவரை எந்தப் பெண்ணையும் யாரும் கேட்டதில்லை. கேட்டுவிட்டாய். பதில் சொல்லிவிட்டேன்.

அன்றைக்கே யித்தரிடம் சொன்னேன்.

"அகாலி எழுதியிருக்கான். நீ இனிமே வர வேணாம்."

"ஏன் வர்றேன்னு அவன்கிட்ட சொன்னியா?"

"சொல்லல."

"சொல்லாத."

அவ்வளவுதான். எழுந்தான். வாசலில் செருப்பைத் தேடி எடுக்க அவனுக்கு நேரமாயிற்று. நான் எடுத்துக் கொடுக்கவில்லை. கிட்டே போயிருந்தால் அழுதிருப்பேன்.

ஊரில் இருக்கப் பிடிக்காமல், வடக்கே வரும் கூட்டத்தில் ஒட்டகம் ஓட்டும் ஆட்களில் ஒருவனாகச் சேர்ந்திருக்கிறான். அவ்வளவுதான் செய்வேன் என்று எனக்கு வாக்குக் கொடுத்திருக்கிறான். இந்தக் கடிதத்தையும் அவன் கையிலேயே கொடுத்தனுப்புகிறேன். அவனிடம் எதுவும் கேட்காதே.

வீடு சுத்தமாக இருக்கிறது. நீ கேட்டபடி யாரும் இல்லை.

தெக்காமா

*

தாஸரஹ்லா நீர்நிலை
ஸபர் கடைசி, 755

என் தெக்காமாவுக்கு அகாலியின் ஸலாமும் மன்னிப்பும். நான் சுகமாக வந்துகொண்டிருக்கிறேன். தோல்பைகளைத் தைத்துக்கொண்டு மூன்று நாளாக இங்கே தங்கியிருக்கிறோம். இதோடு நீர்நிலை முடிந்தது. இனி நீங்கள் கொண்டுவந்தால்தான் தண்ணீர்.

என் ரமலான் மாதக் கடிதம் சமயத்துக்கு வரவில்லை என்பது உன் கடிதம் கைக்கு வந்தபோது தெரிந்தது. கொண்டுவந்தவனைப் பார்த்ததும் எனக்கு உடம்பு கூசியது. தகாஸாவில் என் அறையில் யித்தர் என் எதிரே நின்றான். மணலுக்குக் கட்டிய முகத்திரைக்கு மேலே தெரிந்த கண்கள் என்னைப் பார்க்கவே இல்லை, என் தோளுக்கு அப்பால் சுவரைப் பார்த்தன. அவமதிக்கிறான், அது எனக்கு வேண்டியதுதான் என்று நினைத்தேன்.

"யித்தர், நான்தான் அகாலி."

"தெரியும். குரல் மாறல."

அதற்குமேல் பேச்சு ஓடவில்லை. நான் எழுதியதெல்லாம் தப்பு என்று சொல்லிவிட வேண்டும் என்றுதான் தினமும் அவன் பக்கமாகப் போவேன். வாய் வராது. கையால் எழுத முடிந்ததை வாயால் சொல்ல முடியவில்லை. அவனும் தான் ஓட்டும் ஒட்டகத்தின் கழுத்தில் கையை வைத்துக்கொண்டு கூட்டத்தின் நடுவிலேயே நடந்துவந்தான், யாரோடும் சேரவில்லை.

நேற்று முன்னோடியைத் தேர்ந்தெடுக்க உட்கார்ந்தோம். வழக்கமாகப் போகிறவன் காய்ச்சலில் கிடக்கிறான். மற்றவர்கள் யார் யார் பெயரையோ சொன்னார்கள். நான் எழுந்து, யித்தர் இருக்கும்போது வேறு பேச்சு எதற்கு என்று சொன்னேன். இத்தனை பேர் முன்னால் அவன் பெயரை நான் சொன்னால், நான் சொல்ல வேண்டியதைச் சொன்னதாகிவிடும் என்று பட்டது.

"வேணாம். வேற ஆளப் பாருங்க" என்றான்.

"ஏம்ப்பா, ஒன்னவிட யாருக்கு இந்த மணல் தெரியும்?" என்றார் கூட்டத் தலைவர்.

"இந்தத் தடவ வேணாம்."

நான் விடவில்லை. "எம்மேல இருக்கிற கோவத்தக் கூட்டத்துமேல காட்டாத. இத்தன பேரும் ஒன்ன நம்பறாங்க."

காரணம் சொல்லு என்று ஆளாளுக்குக் கேட்டார்கள். கடைசியில், "சரி, பையக் கொடுங்க" என்றான்.

இப்போது அவனுக்குக் கொடுத்த ஒட்டகத்துக்குத் தீனி வைக்கிறார்கள். நான் இதை எழுதி முடித்ததும் கிளம்புவான். இதை உன்னிடம் கொடுக்கும்போது பசியோடு இருப்பான். அவனை உட்காரவைத்துக் குடிக்கக் கொடு, நான் வந்த பிறகும் அவன் வர வேண்டும் என்று சொல். இரண்டு வருடத்தில் நான் செய்த ஒரே நல்ல காரியம் இது என்று நினைக்கிறேன், மனசு லேசாக இருக்கிறது.

தண்ணீரோடு சந்திப்போம்.
அகாலி

*

வலாத்தா
ரபீவுல் அவ்வல், 755

அகாலிக்குத் தெக்காமா. நீ உயிரோடு இதைப் படிக்கிறாய் என்றுதான் எழுதுகிறேன், வேறு மாதிரி எழுத எனக்குத் தெரியவில்லை. இதைக் கொண்டுவருகிறவர்கள் உன் மருமகன்கள். முதலில் குடி. மற்றவர்களுக்குக் கொடு. பிறகு படி.

முன்னோடி வர வேண்டிய பிறை தேய்ந்துவிட்டது. யாரும் வரவில்லை. கூட்டம் தாமதம் என்று ஊர் சும்மா இருக்கிறது. எனக்கு மட்டும் தூக்கம் இல்லை. முன்னோடியாகப் போக மாட்டேன் என்று யித்தர் கொடுத்த வாக்கை நம்பித்தான் இருந்தேன். இருந்தாலும் அங்கே ஒரு நெருக்கடி வந்தால், இவன்தான் கெட்டிக்காரன் என்று எல்லோரும் இவனைப் பிடித்துத் தள்ளினால், இல்லை என்று சொல்ல இவனால் முடியாது. காரணத்தைச் சொல்ல வேண்டியிருக்குமே.

யித்தருக்குக் கண் தெரியவில்லை, அகாலி. ஒரு கண் முழுதாகப் போய்விட்டது. மற்றதில் பக்கத்தில் இருப்பது நிழலாகத் தெரியும். கடைசியாக அவன் முன்னோடியாக வந்தபோதே பாதி வழியை மணலை மோந்து பார்த்துத்தான் வந்திருக்கிறான். இதை என்னிடம் மட்டும் சொன்னான். ஊரில் வழிகாட்டிக்குக் கண் போனால் அவன் யார்? ஆகவேதான் போகாதே என்றேன், ஆகவேதான் வந்து உட்கார்ந்திருந்தான். கொஞ்சம் கொஞ்சமாக இருட்டிக்கொண்டிருந்தது அவனுக்கு, அதற்கு நான் என்ன பேசுவது? சும்மா கூட இருந்தேன். அந்த நேரத்தைத்தான் நீ நிறுத்தச் சொன்னாய், நானும் நிறுத்தினேன். கிழித்துப் போடு என்று நீ எழுதியது அவன் வடக்கே போன பிறகு வந்தது.

ஆளுநரிடம் போய் அரசாங்க ஒட்டகங்களையும் தண்ணீரையும் கேட்டேன். மொழிபெயர்ப்பாளர் நடுவில் நின்றார்.

"கடிதம் எங்கேன்னு கேக்கிறார்."

"கடிதம் வரல. அதனாலதான் வந்திருக்கேன்."

"கடிதம் இல்லாம கூட்டம் வருதுன்னு எப்படித் தெரியும்னு கேக்கிறார்."

"என் புருஷன் வர்றான்."

"புருஷன் வர்றது ராஜாங்க விஷயமில்லன்னு சொல்றார்."

யித்தரின் கண்ணைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் ஊரே கிளம்பியிருக்கும். நாக்கு நுனிவரை வந்தது. சொன்னால் அவன் பிழைத்து வந்தாலும் ஊர் அவனை வாழவிடாது. மாலைக்குள் வேறு வழி கிடைக்காவிட்டால் சொல்லிவிடுவது என்று வீட்டுக்கு வந்தேன். கூட்டத்தின் உயிரைவிட அவன் மானம் பெரிதா என்று வழியெல்லாம் என்னையே கேட்டுக்கொண்டேன். அக்காதான் வழி செய்தாள். அவளுடைய ஒட்டகங்கள், தஸ்ஸின் கணவனின் ஒட்டகங்கள், என் வெள்ளித் தண்டைக்குக் கிடைத்த பைகள். கடிதம் வராமல் தண்ணீர் அனுப்புகிறவள் என்று தெருவில் சிரிக்கிறார்கள். மாமன் செத்தால் முழுச் சொத்தும் கைக்கு வரும் பிள்ளைகள் மாமனுக்குத் தண்ணீர் தூக்கிக்கொண்டு ஓடிவருகிறார்கள், பழம் திருடியதை மறந்துவிடு.

இந்தத் தண்ணீர் எல்லோருக்கும் வாய் நனைக்கப் போதும், விரைந்து வந்து சேரவும் போதும்.

நீ அவர்களோடு வராதே. ஒரு பையை வைத்துக்கொண்டு திரும்பிப் போய் அவனைத் தேடு. மோந்து பார்த்து நடப்பவன் காற்று மாறினால் கிழக்கே விலகுவான். கிழக்கே தேடு. நீ திரும்பி வருவாயோ மாட்டாயோ என்று மறுபடி காத்திருக்கப் பயமாக இருக்கிறது, ஆனாலும் போ.

தெக்காமா

*

வலாத்தாவுக்கு நாலு நாள் தூரத்தில்
ரபீவுல் அவ்வல், 755

தெக்காமாவுக்கு அகாலி. நான் சுகம். கூட்டத்தில் ஒருவர் குறையவில்லை. உன் பைகள் வந்தபோது, உப்பைக் கீழே தள்ளிவிட்டு ஒட்டகங்களை அறுக்கலாமா என்று பேசிக்கொண்டிருந்தோம். பொய் சொல்ல மாட்டேன், முதலில் குடித்தேன், பிறகுதான் படித்தேன். படித்ததும் ஒரு பையை எடுத்து ஒட்டகத்தில் கட்டினேன்.

இளைய மருமகனைக் கூட்டிக்கொண்டு கிழக்கே போனேன். மறுநாள் அவனைக் கண்டோம். ஒட்டகத்தை அறுத்து அதன் வயிற்றுத் தண்ணீரைக் குடித்திருக்கிறான். கழுத்துவரை மணலை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். கடிதப் பை மடியில் இருந்தது.

"யாரு?"

"அகாலி."

"கூட்டம்?" என்றான்.

"எல்லாரும் தண்ணி குடிச்சாச்சு. ஒருத்தரும் போகல."

"யார் கொண்டாந்தது? கடுதாசி பூரா என்கிட்டல்ல இருக்கு."

நான் தண்ணீரை அவன் வாயில் வைத்தேன். குடித்துவிட்டுக் கேட்டான்.

"அவ சொல்லிட்டாளா?"

"என்னத்த? புருஷன் வர்ற மாசம்னு அவளுக்குத் தெரியாதா? முன்கூட்டியே அனுப்பிட்டா."

நம்பினானா என்று தெரியாது. மணலும் வெயிலும் மிச்சமிருந்த கண்ணையும் எடுத்துவிட்டன. பார்த்துத் தெரிந்துகொள்ள முகத்தில் ஒன்றும் இல்லை.

கூட்டத்தாரிடம், மணற்காற்று கண்ணைப் பறித்துவிட்டது, அதனால் வழி தப்பினான் என்று சொன்னேன். பரிதாபப்பட்டார்கள். ஆளுக்கு ஒரு பாளம் உப்பு அவனுக்குத் தருவதாகச் சொன்னார்கள். அவன் தலைகுனிந்து கேட்டுக்கொண்டிருந்தான். கண் போனது தெரிந்தும் பையை வாங்கினான் என்று தெரிந்தால் கல்லால் அடிப்பார்கள், அதில் நியாயமும் இருக்கும். ஆனால் வேண்டாம் என்றுதான் அவன் சொன்னான். வாங்கவைத்தவன் நான். அவனை உன் வாசலிலிருந்து கிளப்பியவனும் நான். இது நம் மூன்று பேருக்குள் இருக்கட்டும். நீ என்னிடம் சொன்னாய் என்பது நம் இருவருக்குள் மட்டும் இருக்கட்டும். இதை எரித்துவிடு, உன் கடிதத்தை நான் இங்கேயே எரித்துவிட்டேன்.

யித்தர் மடியில் இருந்த கடிதப் பையில் நான் தாஸரஹ்லாவில் உனக்கு எழுதியதும் இருக்கிறது. அதை உனக்குத் தர மாட்டேன்.

நம் வீட்டுக்கு வா என்று பலமுறை கேட்டேன். "அவமேல எனக்குக் கோவமே இல்ல. ஆனா போன்னு சொன்ன வீடு. கண்ணிருந்தா வந்திருப்பேன். இப்ப வந்தா யாராவது கையப் பிடிச்சுக் கூட்டிட்டு வந்து விடணும். அது வேணாம்" என்கிறான். வடக்குத் தெருவில் தன் அக்கா வீட்டில் இருந்துகொள்வானாம். அவன் ஒட்டகத்தில் உட்காரத் தெம்பு வந்ததும் கிளம்புகிறோம். அதனால்தான் இதை முன்னால் போகும் கூட்டத்திடம் கொடுக்கிறேன்.

இனி நான் தகாஸாவுக்குப் போகப்போவதில்லை. என் மாமனுக்கு வேறு ஆள் கிடைக்கும். ஆனால், தெக்காமா, அஸர் தொழுகைக்குப் பிறகு நான் வீட்டில் இருக்க மாட்டேன். அவன் அக்கா வீட்டில், அவன் பக்கத்தில் இருப்பேன். என்ன பேசுவது என்று தெரியவில்லை. சும்மா உட்காரப் பழகிக்கொள்கிறேன். அந்த நேரத்தில் நீ தனியாக இருப்பாய். இரண்டு வருடம் காத்திருந்தவளிடம் இதைச் சொல்ல எனக்கு எந்த நியாயமும் இல்லை. உனக்குச் சம்மதம் இல்லாவிட்டால் சொல், நீ சொன்னால் நிறுத்திவிடுகிறேன்.

அகாலி